இரண்டே முக்கால்

நான் கோடுபோட்ட சட்டைக்காரன்.
சுவரொட்டியில் என் பெயர் வந்ததே இல்லை.
ஆனால் லெயோன்ஸ் டூசேயின் தோள்கள்
விரிப்பில் பட்ட ஒவ்வொரு முறையும்
பக்கத்தில் குப்புறக் கிடந்து
தரையைத் தட்டியது இந்தக் கைதான்.

ஒன்று.
இரண்டு.
இரண்டே முக்கால்.

அந்த மிச்சக் காலில்தான் பிழைத்தோம்.
காராக்கெட்டில் நண்டுப் படகுக்காரர்கள்
நாற்காலிமேல் ஏறி நின்று
அவன் பிறப்பைச் சந்தேகித்ததெல்லாம்
அந்தக் காலுக்குக் கொடுத்த விலை.

டொரொண்டோவிலிருந்து கடன் வசூலிக்க வந்த வங்கிக்காரன்,
அதுதான் அவன் வேடம்.
சாட்டின் டை, தோல் பெட்டி, முறுக்கிய மீசை.
பிரெஞ்சு பேசும் ஊரில் மைக்கைப் பிடித்து
ஆங்கிலத்தில் ‘குட் ஈவினிங்’ என்பான்.
அதற்குமேல் ஒன்றும் செய்ய வேண்டியதில்லை.
ஒருமுறை உறைந்த கானாங்கெளுத்தி ஒன்று
பறந்து வந்து அவன் காதில் அறைந்தது.
இரவு அதையே வறுத்துத் தின்றோம்.
அவன் வீட்டில் பேசியதும் பிரெஞ்சுதான்.

பாதர்ஸ்டில் முதலாளி வசூலோடு ஓடிப்போன மறுநாள்
ரிங்கைத் தானே வாங்குவதென்று முடிவெடுத்தான்:
நான்கு கம்பம், பதினெட்டுப் பலகை,
ஸ்டார்ட் ஆகாத ஒரு லாரி.
வங்கியில் மேலாளர் கேட்டார்: “தொழில்?”
“வங்கிக்காரன்” என்றான்.
சிரித்துக்கொண்டே கையெழுத்துப் போட்டார்கள்.
சிரிக்காமல் வட்டி வாங்கினார்கள்.

முப்பத்தோரு பேர் வந்த இரவும் உண்டு.
அதில் இருவர் தாம் வழிதவறி வந்ததாகச் சொன்னார்கள்.
அவர்களிடமும் டிக்கெட் காசு வாங்கினான்.

பிறகு, பயிற்சிக்கூடம்.
மீன் ஆலையின் பழைய ஐஸ் கொட்டகை.
கட்டணம் முன்கூட்டியே, திருப்பித் தருவதில்லை.
நான்கு பேர் சேர்ந்தார்கள்.
சவோயா சகோதரர்கள் இரண்டாம் நாளே நின்றார்கள்.
கெடியோனுக்கு விழப் பயம் இல்லை,
பார்க்கப்படுவதற்குத்தான் பயம்.
மரியேல் கோர்மியே தங்கினாள்.
குளிர்காலத்தில் அரசாங்கப் பனிவண்டி ஓட்டுகிறவள்.

விழு என்பான். தாடையை நெஞ்சில் சொருகு.
மூச்சை விட்டுவிட்டு விழு. கையால் தரையை அறை.
விழுந்தும் மீசையில் மண் ஒட்டவில்லை என்கிறவன்
இந்தத் தொழிலுக்கு லாயக்கில்லை.
ஒட்டணும்.
ஒட்டினது கடைசி வரிசைக்குத் தெரியணும்.

ஒரு மாதம் கேட்டுக்கொண்டிருந்துவிட்டு அவள் சொன்னாள்:
“உனக்கு இப்போது அடி படுமுன்பே விழுகிறாய்.
அரை நொடி. எல்லாருக்கும் தெரிகிறது.”
அன்று பயிற்சி சீக்கிரம் முடிந்தது.

டிராக்காடியில், ஆகஸ்ட் மாதம்,
பனிச்சறுக்கு அரங்கம் அடுப்பாய்க் கொதித்தது.
அவள் வெல்ல வேண்டும், அவன் தோற்க வேண்டும்.
எழுதியதும் அவன்தான்.
தூக்கினாள். இந்த முறை அவன்
அரை நொடி பொறுத்தான்.

பலகையின் சத்தம் எனக்குத் தெரியும்.
இது பலகை இல்லை.

நிஜமாக உடைந்தால்
நான் இரண்டு கைகளையும் தலைக்குமேல்
பெருக்கல் குறியாகப் பிடிக்க வேண்டும். அதுதான் விதி.
அதற்கு முன் அவன் விரல்களைத் தேடினேன்.
நலமென்றால் அழுத்துவான்.
அழுத்தவில்லை.
“எண்ணு” என்றான், பல்லிடுக்கில்.

ஒன்று. மரியேல் என்னைப் பார்த்தாள்.
இரண்டு.
பழக்கதோஷம், என் கை காற்றில் ஒரு கணம் நின்றது.
அந்தக் காலில்
தோற்க வேண்டியவன்,
தானே எழுதிவைத்தவன்,
உடைந்த தோளைத் தரையிலிருந்து
தூக்கப் பார்த்தான்.

அவசரமாக மூன்றைத் தட்டினேன்.

மருத்துவமனைக்கு லாரியை அவள்தான் ஓட்டினாள்.
நடுவில் அவன், மீசையெல்லாம் வியர்வையும் தூசியும்,
இடது கையால் டிக்கெட் துண்டுகளை எண்ணிக்கொண்டே வந்தான்.
இருநூற்றுப் பன்னிரண்டு.
“ஐந்து பேரை ஓசியில் விட்டது யார்?” என்றான்.

நான் ஜன்னலுக்கு வெளியே பார்த்தேன்.
அன்றைய கூலி நாற்பது டாலர்
இன்னும் பாக்கி.